ஒழிநாளுக்கு ஒரு திருத்தம்

ஆரணியில் ஒருவன் பொய் சொன்னால் நம்புவதற்கு நூறு பேர் வருவார்கள். அதே ஆள் திரும்பி வந்து, "ஐயா, அது நானே கட்டிவிட்டது" என்று தலையில் அடித்துக்கொண்டு சொன்னால் நம்ப ஒரு ஆள் கிடைக்கமாட்டான். கம்பாசிட்டர் ஜெகநாதனுக்கு இது புரிய ஒன்பது வருஷம் ஆயிற்று. புரிந்த பிறகும் அவருக்கு அந்த ஆத்திரம் ஆறவில்லை.

ஜெகநாதன் தறிக்காரக் குடும்பத்துப் பிள்ளை. தறியில் உட்கார்ந்தால் அரை மணியில் யோசனை எங்கேயோ போய்விடும், இழை அறுந்தது தெரியாது. அப்பா அடித்துப் பார்த்தார், கெஞ்சிப் பார்த்தார், கடைசியில் பஜார் தெருவில் அச்சகம் வைத்திருந்த தசரதனிடம் கொண்டுபோய் விட்டுவிட்டார். ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, ஸ்டிக் என்கிற கைத்தகட்டில் தலைகீழாக அடுக்குகிற வேலை. ஆச்சரியம், இதில் அவருக்குக் கவனம் சிதறவே இல்லை. இருபது வருஷத்தில் அவர் கோர்த்த பத்திரிகையில் ஒரு பிழை என்று யாரும் திரும்பி வந்ததில்லை. அதில் அவருக்குக் கர்வம் உண்டு. அதை மறைக்கவும் மாட்டார்.

அச்சகத்துக்கு வருகிற வேலையில் பாதி கல்யாணப் பத்திரிகை, பாதி கருமாதிப் பத்திரிகை. தை மாதத்துக் காலையில் பங்குனி முகூர்த்தத்தைக் கோர்ப்பார். அன்று மத்தியானமே மார்கழியில் செத்தவருக்குக் காரிய நாளைக் கோர்ப்பார். இரண்டு மாதம் முன்னாலும் பத்து நாள் பின்னாலும் கை போய்வந்துகொண்டே இருக்கும். இன்று என்ன தேதி என்று யாராவது கேட்டால் கொஞ்சம் யோசித்துத்தான் சொல்வார். இப்படிக் குழம்பிக் குழம்பித்தான் அவர் மனசில் ஓர் உலகம் உண்டாயிற்று. அதற்கு நெடும்பகல் என்று பெயர் வைத்தார்.

நெடும்பகலில் சூரியன் ஒழுங்காக வேலைக்கு வருவதில்லை. சில நாள் நம்முடைய மூன்று நாள் நீளத்துக்கு இழுக்கும். சில நாள் குறுநாள், உலையில் போட்ட அரிசி வேகுமுன்னே இருட்டிவிடும். ஒரு மாதத்துக்குப் பத்தொன்பது நாளும் வரலாம், முப்பத்தி நாலும் வரலாம். வருஷத்தில் நாலைந்து முறை இரட்டை வியாழன் வரும்: வியாழக்கிழமை முடிந்து மறுநாளும் வியாழக்கிழமையே விடியும், முதல் நாள் செய்த தப்பை இரண்டாம் நாள் சரிசெய்துகொள்ளலாம். அங்கங்கே ஒழிநாள் வரும். அது கணக்கில் உண்டு, வாழ்க்கையில் கிடையாது. அன்று செய்தது எதுவும் செய்ததாகாது, சொன்னது எதுவும் சொன்னதாகாது. இந்த உலகத்தில் ஓர் ஓடக்காரனை வைத்து நீளமான கதை ஒன்றை இருநூறு பக்க நோட்டில் எழுதி முடித்தார் ஜெகநாதன்.

அதைப் படிக்கத்தான் ஆளில்லை. தசரதன் இரண்டு பக்கம் புரட்டிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். நண்பர்கள், முடிவை மட்டும் சொல், போதும் என்றார்கள். நாள் கணக்கு புரியாமல்தான் படிக்கவில்லை என்று ஜெகநாதன் தன்னையே சமாதானம் செய்துகொண்டு, நெடும்பகலுக்கு ஒரு காலண்டர் போட்டார். ஒரு பக்கம் நம் தேதி, எதிரே அன்றைக்கு நெடும்பகலில் என்ன நாள் என்கிற விவரம். இதைப் பார்த்துவிட்டு யாராவது ஒருத்தர், "நல்லா யோசிச்சு எழுதியிருக்கியே ஜெகநாதா" என்று சொன்னால் போதும் என்று நினைத்தார். அவருக்கு வேண்டியிருந்தது அவ்வளவுதான், கடைசிவரை அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை.

எழுபத்தி நாலாம் வருஷம் ஆடி மாதம். ஆடியில் கல்யாணம் இல்லாததால் மெஷின் சும்மா கிடந்தது. மிச்சக் காகிதத்தில் நாற்பது பிரதி அடித்துக்கொள் என்றார் தசரதன். நல்ல மனுஷர்தான், ஆனால் கையைச் சும்மா வைத்துக்கொண்டிருக்கத் தெரியாது. காலண்டரின் மேல்பக்கம் வெறுமையாக இருக்கிறதே என்று கல்யாணப் பத்திரிகைக்கு வைக்கிற லட்சுமி படப் பிளாக்கை எடுத்து அங்கே பொருத்திவிட்டார். மை காய்ந்ததும் வழக்கம்போல் மஞ்சளைக் குழைத்து நாலு மூலையிலும் தொட்டு வைத்துவிட்டார். ஜெகநாதன் சாப்பிட்டு வருவதற்குள் நாற்பதும் மஞ்சள் முழுக்காடி நின்றன.

"இதுக்கு எதுக்கு மொதலாளி மஞ்சள்?"

"மஞ்சள் வெக்காம வுட்டா கருமாதிப் பத்திரிகை மாதிரி இருக்கும்பா. எவன் வூட்டுக்குள்ள எடுத்துகினு போவான்?"

அது வாஸ்தவம்தான். மஞ்சள் இல்லாத அச்சுக் காகிதத்தை ஊரில் யாரும் வாசலுக்குள் விடுவதில்லை. ஆனால் மஞ்சளும் லட்சுமியும் ஏறிய காகிதத்தை யாரும் வெறும் கதையாகவும் பார்ப்பதில்லை. நாற்பது பேரும் அதைச் சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டினார்கள். மாட்டிய இடத்திலேயே ஜெகநாதனின் கதை முடிந்துபோயிற்று.

இரண்டு மாதம் கழித்து வேடியப்பன் என்கிற நெசவாளி அச்சகத்துக்கு வந்து நின்றான். ஒழிநாள் என்று போட்டிருந்த புதன்கிழமை தெரியாத்தனமாகத் தறியில் புதுப் பாவு நூலை ஏற்றினானாம். முழுப் பாவும் சிக்கலாகிப் பிரிக்க மூன்று நாள் ஆயிற்றாம். இவ்வளவு துல்லியமாகக் கணித்திருக்கிறீர்களே, குரு யார் என்று கேட்டான். ஜெகநாதன் சிரித்தார், இது நானாக எழுதியதப்பா என்றார். வேடியப்பனும் சிரித்தான். பெரிய வித்தைக்காரர்கள் அப்படித்தான் அடக்கமாகச் சொல்வார்கள் என்று போகிற வழியெல்லாம் சொல்லிக்கொண்டு போனான்.

மறுவருஷம் தசரதன் ஐந்நூறு பிரதி அடித்தார். அதற்கடுத்த வருஷம் பட்டுக் கடைக்காரர்கள் அடியில் தங்கள் கடைப் பெயரைப் போட்டுக் கேட்டார்கள். தேவிகாபுரம், பெரணமல்லூர் பஸ்ஸில் கட்டுக் கட்டாகப் போயிற்று. அமாவாசைக்குத் தறியை நிறுத்துகிற மாதிரி ஒழிநாளுக்கும் தறியை நிறுத்த ஆரம்பித்தார்கள். அன்று நெய்தால் சேலை நிற்காதாம். நெசவாளிகள் வந்து, ஐப்பசியில் ஓர் ஒழிநாள் கூடச் சேர்த்தால் நன்றாயிருக்கும் என்று காதில் போட்டுவிட்டுப் போவார்கள். கூலிக்குப் பட்டு கொடுத்து நெய்ய வைக்கிற பலராமன் வந்து, இப்படி ஒழிநாளாகப் போட்டுத் தள்ளினால் என் பிழைப்பு என்னாவது என்று சத்தம் போடுவார். நாட்களை ஏதோ ஜெகநாதன் கிடங்கில் பூட்டிவைத்திருப்பதுபோல இருந்தது அவர்கள் பேச்சு.

ஜெகநாதன் சும்மா இருக்கவில்லை. ஒரு வருஷம் காலண்டரின் அடியில், இது கற்பனை உலகத்தின் நாட்காட்டி என்று கொட்டை எழுத்தில் போட்டார். கோர்ட்டு கேஸ் வராமலிருக்கப் போட்டிருக்கிறார்கள் என்று பேசிக்கொண்டார்கள். இன்னொரு வருஷம் வேண்டுமென்றே ஒரு மாதத்தில் செவ்வாய்க்கிழமையே இல்லாமல் செய்து, தொடர்ந்து மூன்று ஒழிநாள் வைத்தார். இப்போதாவது யாராவது சிரிப்பார்கள் என்று காத்திருந்தார். வருஷம் சரியில்லை, மழை பொய்க்கப்போகிறது என்று பயந்தார்கள். பாழாய்ப்போன மழையும் பொய்த்தது. நான் இனி எழுதமாட்டேன் என்று ஒரு தடவை கையை உதறினார். அப்படியானால் பழையதையே வருஷத்தை மட்டும் மாற்றிப் போட்டுவிடலாம் என்றார் தசரதன். ஒரே தேதியில் இரண்டு வருஷம் ஒழிநாள் விழக்கூடாது என்பது நெடும்பகலின் சட்டம். அதைக் கண்ணெதிரே மீறுவதைப் பார்த்துக்கொண்டிருக்க அவரால் முடியவில்லை. மறுபடி உட்கார்ந்து எழுதினார். வயிற்றெரிச்சலோடு எழுதினார் என்றாலும் ஒழுங்காகத்தான் எழுதினார்.

எண்பத்தி மூன்றில் இந்தக் காலண்டர் அவர் வீட்டுக்குள்ளேயே கைவைத்தது.

அவருக்கு ஒரே மகள், அபிதகுசாம்பாள். தட்டச்சு பாஸ் செய்து, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டு நாலு வருஷம் காத்திருந்தவள். அந்த செப்டம்பரில் வெம்பாக்கத்தில் ஓர் அரசு ஆபீசில் தட்டச்சராகச் சேரச் சொல்லி உத்தரவு வந்தது. பழைய வீட்டு விலாசத்துக்குப் போய் அலைந்துவிட்டுத் தாமதமாக வந்தது. பதினைந்தாம் தேதிக்குள் சேராவிட்டால் உத்தரவு ரத்து என்று அதிலேயே எழுதியிருந்தது. அரசு டாக்டரிடம் உடல்தகுதிச் சான்று வாங்கவே புதன்கிழமை மத்தியானம் ஆகிவிட்டது. மிச்சம் இருந்தது பதினைந்தாம் தேதி வியாழக்கிழமை மட்டும்தான்.

காலண்டரில் அது ஒழிநாள்.

சுவரைப் பார்த்ததும் அவர் மனைவி கற்பகத்துக்கு முகம் வெளுத்துவிட்டது. நாளைக்குப் பெண்ணை அனுப்பமாட்டேன், வெள்ளிக்கிழமை போய் எழுதிக் கொடுத்துச் சேரட்டும் என்று அடம்பிடித்தாள். அவளுக்கும் மகள் வேலையில் சேர ஆசைதான். சேர்ந்த வேலை நிலைக்கவேண்டும் என்று நினைத்தாள், அதனால்தான் அந்தப் பிடிவாதம். ஜெகநாதனுக்கு உச்சந்தலை சூடேறியது. அந்தக் காலண்டரை இதே கூடத்தில், இதே பலகையில் உட்கார்ந்து அவர் எழுதும்போது அவள் எதிரே உட்கார்ந்து கத்திரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். செப்டம்பருக்கு எத்தனை ஒழிநாள் போடலாம் என்று அவர் கேட்க, ரெண்டு போடுங்க என்று சொன்னவளே அவள்தான். அதைச் சொல்லிக் கத்தினார். தேதியையும் நானேதான் சும்மா கைபோன இடத்தில் வைத்தேன் என்று கத்தினார்.

கற்பகம் கொஞ்சமும் அசையவில்லை. "சும்மா தோணுமா உங்களுக்கு? ஊர்ல இத்தினி பேர் இருக்கறாங்க, அவங்களுக்கெல்லாம் ஏன் தோணல? யாரோ தோண வெச்சாங்க, நீங்க எழுதினீங்க. ரெண்டுன்னு என் வாய்ல வந்துதே, அது மட்டும் யார் சொல்லி வந்துது?"

ஜெகநாதன் மகள் பக்கம் திரும்பினார். படித்த பெண், அவளாவது சொல்லட்டும் என்று பார்த்தார். அபிதா உத்தரவையும் சான்றையும் மடியில் வைத்துக்கொண்டு அழுகையை அடக்கிக்கொண்டிருந்தாள். அம்மா சொல்வதைத் தூக்கிப் போட்டுவிட்டுக் காலையில் முதல் பஸ் ஏறு, நான் கூட வருகிறேன் என்றார். அவள் தலையை நிமிர்த்தவில்லை.

"பொய்னு நீ சொல்ற. சரிப்பா. ஆனா நான் மொத தடவ டைப்பிங் பரீட்ச ஃபெயிலானது ஒழிநாள்லதான்."

அவள் பன்னிரண்டு வயசிலிருந்து அந்தக் காலண்டரைப் பார்த்து வளர்ந்தவள். கதையைச் சொல்லிக் கொடுக்காமல் காலண்டரை மட்டும் சுவரில் மாட்டிவைத்தது தன் தப்புதான் என்று ஜெகநாதனுக்குத் தோன்றியது. உண்மையைச் சொல்லி இந்த வீட்டில் ஒரு புண்ணியமும் இல்லை. சட்டையை மாட்டிக்கொண்டு விறுவிறுவென்று அச்சகத்துக்குப் போனார்.

ஸ்டிக்கைக் கையில் எடுத்து, நின்றபடியே கோர்த்தார்: 'பிழை திருத்தம். செப்டம்பர் 15 வியாழன் ஒழிநாள் என்று அச்சானது கம்பாசிட்டரின் தவறு. இரட்டை வியாழனின் முதல் நாள் என்று திருத்திப் படிக்கவும்.' இருபத்தொன்பது வருஷத்தில் அவர் கோர்த்த முதல் பிழை திருத்தம் அது. செய்யாத தப்பை ஈயத்தில் அடுக்கும்போது விரல் கூசியது. தசரதன் படித்துப் பார்த்து, ஐயையோ என்று பதறி, நூறு துண்டு அடித்து மஞ்சள் தொட்டுக் கடைகளுக்கும் தறிப்பட்டறைகளுக்கும் அப்போதே அனுப்பிவிட்டார். ஒன்று போதும் என்று ஜெகநாதன் சொன்னதைக் காதில் வாங்கவில்லை.

வீட்டில் அபிதா அந்தத் துண்டை வாய்விட்டுப் படித்தாள். கற்பகத்துக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "அதானே பாத்தேன்" என்று சொல்லி மகளுக்குப் புடவை எடுத்துவைக்க எழுந்தாள். பிறகு புருஷனைப் பார்த்து, "இம்மாம் பேஜார் பண்ணிட்டீங்களே. ஒழுங்கா பாத்துக் கோக்கக் கூடாதா?" என்றாள்.

கதையை உண்மை என்று நம்பினார்கள், உண்மையைப் பொய் என்றார்கள், இப்போது பிழையே செய்யாத மனுஷனைப் பிழை செய்தவன் என்று வீட்டிலேயே திட்டு. ஜெகநாதன் தட்டை இழுத்துப் போட்டுச் சோறு சாப்பிட்டார்.

வியாழக்கிழமை காலை பஸ்ஸில் அப்பாவும் மகளும் செய்யாறு போய், அங்கே மாறி வெம்பாக்கம் போனார்கள். பத்தரை மணிக்கு அபிதா கையெழுத்துப் போட்டுச் சேர்ந்தாள். சாயங்காலம் வீடு திரும்பியதும் கற்பகம் சுவரில் இருந்த காலண்டருக்குக் கற்பூரம் காட்டினாள். எல்லாம் அந்த இரட்டை வியாழன் செய்த வேலை என்று அக்கம்பக்கத்துக்குச் சொன்னாள். அதைக் கேட்டுக்கொண்டு நின்றபோது ஜெகநாதன் ஒரு முடிவுக்கு வந்தார். மகளுக்கு வேலை கிடைத்துவிட்டது, இனி யாருக்காகவும் வாயை மூட வேண்டியதில்லை. நாளைக்கே இன்னொரு துண்டு அடிக்கவேண்டும், லட்சுமி இல்லாமல், மஞ்சள் இல்லாமல். கருமாதிப் பத்திரிகை மாதிரி இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும்.

வெள்ளிக்கிழமை தசரதன் வருமுன்னே அச்சகத்தைத் திறந்து கோர்க்க ஆரம்பித்தார்: 'நெடும்பகல் என்று ஓர் உலகம் எங்கும் இல்லை. ஒழிநாள், இரட்டை வியாழன் எல்லாம் ஆரணி ஜெகநாதன் என்கிற நான் என் சொந்தக் கற்பனையில் எழுதிய கதை. இதை நம்பி யாரும் எந்தக் காரியமும் செய்யவேண்டாம்.' நாலு வரி ஆகியிருந்தது. ஒன்பது வருஷத்தில் மனசு அன்றைக்குத்தான் லேசாக இருந்தது.

அப்போது வாசலில் ஒரு பெண் வந்து நின்றாள். நாற்பது வயசிருக்கும், விரல் நுனியெல்லாம் பட்டு நூல் சுற்றிச் சுற்றி வெட்டுத் தழும்பு. பெயர் சின்னம்மா, பலராமனின் பட்டறையில் நூல் சுற்றுகிறவள் என்று சொன்னாள். கையில் நாலாக மடித்த பழைய காலண்டர்த் தாள் ஒன்று இருந்தது. எண்பதாம் வருஷத்துத் தாள், மடிப்பில் கிழிந்து, மூலையில் மஞ்சள் மட்டும் போகாமல் இருந்தது. பிரித்து ஒரு தேதியின்மேல் விரலை வைத்தாள். அது ஒழிநாள்.

முதலில் சுற்றி வளைத்துத்தான் பேசினாள். பட்டறையில் திருத்தத் துண்டை ஒட்டியிருந்தார்களாம், படிக்கச் சொல்லிக் கேட்டாளாம். அதைக் கேட்டதிலிருந்து இரண்டு ராத்திரியாகத் தூக்கமில்லையாம். பிறகு விஷயத்துக்கு வந்தாள். அந்தத் தேதியில் காலையில் அவளுக்கும் அவள் புருஷன் துரைக்கும் பெரிய சண்டை. அவன் குடித்துவிட்டு வந்திருந்தான், அவள் வாயில் வந்ததைச் சொல்லிவிட்டாள். அன்று சாயங்காலம் சேத்துப்பட்டு ரோட்டில் லாரி மோதிச் செத்துப்போனான்.

"நீ இன்னிக்கே செத்தா எனக்கு நிம்மதின்னு சொன்னேண்ணா. அன்னிக்கு சொன்ன சொல்லு செல்லாதுன்னு உங்க காலண்டர்ல இருந்துச்சு. அத்த வெச்சிகினுதான் மூணு வருசமா சோறு துன்றேன்." தாளை இன்னும் கொஞ்சம் அவர் பக்கம் நகர்த்தினாள். "இப்போ தப்பா அச்சடிச்சிட்டோம்னு துண்டு ஒட்டிகிறாங்க. அன்னிக்குப் போட்டதும் தப்பா இருக்குமாண்ணா?"

ஊரில் எத்தனையோ பேரிடம் அவர் வலியப் போய்ச் சொன்னார், ஒருவரும் கேட்கவில்லை. முதல் தடவையாக ஒருத்தி தானே தேடி வந்து, நேருக்கு நேர் கேட்கிறாள். இவள் நம்புவாள். என்ன சொன்னாலும் அப்படியே நம்புவாள். ஜெகநாதனுக்குக் கோபம் வந்தது. யார்மேல் கோபம் என்று தெரியவில்லை. தசரதன்மேலா, மஞ்சள்மேலா, குடித்துவிட்டு லாரியில் போய் விழுந்த துரைமேலா? எழுந்து போய்ப் பரணிலிருந்து எண்பதாம் வருஷத்து புரூஃப் தாள் கட்டை எடுத்து வந்தார். தூசி தட்டினார். அந்த மாதத்தைப் பிரித்து, அவள் தாளை அதன்மேல் வைத்து, தேதி தேதியாக விரலை ஓட்டிப் பார்த்தார்.

"இல்லம்மா. இது சரியாத்தான் அச்சாயிருக்கு" என்றார். "நானே ரெண்டு தடவ பாத்துக் கோத்தது. இதுல தப்பு வராது."

சின்னம்மா தாளை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள். பட்டறைக்கு நேரமாகிறது என்று சொல்லிவிட்டுப் போனாள். ஜெகநாதன் ஸ்டிக்கைக் கையில் எடுத்து, கோர்த்திருந்த நாலு வரியையும் பிரித்து, எழுத்துகளை ஒவ்வொன்றாக பெட்டியில் அதனதன் அறையில் திரும்பப் போட்டார்.